பன்றி வயிற்றுக்கு வந்த வாழ்வு: பேக்கன் மோகத்தின் பின்கதை

அமெரிக்காவில் 2007 வாக்கில் தொடங்கி ஏழெட்டு ஆண்டுகள் பேக்கன் என்ற, உப்பும் புகையும் ஏற்றிய ஒரே பன்றிக்கறிப் பண்டத்தின் மேல் மக்களுக்கு இருந்த வெறியை இப்போது நினைத்தால் மலைப்பாக இருக்கிறது. சாக்லேட்டில் பேக்கன், டோனட் மேல் பேக்கன், ஐஸ்கிரீமில் பேக்கன், வோட்காவில் பேக்கன் மணம், பேக்கன் செண்ட், பேக்கன் பட்டை போலவே அச்சடித்த காயப் பிளாஸ்திரி, கடைசியில் பேக்கன் படம் போட்ட சவப்பெட்டி வரைக்கும் விற்றார்கள். இணையத்தில் பொழுதுபோகாதவர்கள் கிளப்பிவிட்ட கூத்து இது என்று சொல்லிக் கடந்துபோகிறவர்கள் நிறைய. எனக்கு அதில் உடன்பாடு இல்லை. இந்த மோகத்துக்கு அடியில் ஒரு பெரிய வியாபாரச் சிக்கல் இருக்கிறது, விலை போகாமல் குளிர்கிடங்கில் தேங்கிய ஒரு இறைச்சித் துண்டு இருக்கிறது, அதை எப்படியாவது விற்றாக வேண்டும் என்று பல வருஷம் உழைத்தவர்கள் இருக்கிறார்கள். இணையம் வந்து சேர்ந்தது கடைசிக் கட்டத்தில்தான்.

முதலில் பொருள் என்ன என்று பார்த்துவிடலாம். பன்றியின் விலா எலும்பை எடுத்த பிறகு வயிற்றுப் பக்கம் கிடைக்கிற, கொழுப்பும் தசையும் மாறிமாறி வரிவரியாக இருக்கிற துண்டுதான் இதன் மூலப்பொருள். அதில் உப்பு, கொஞ்சம் சர்க்கரை, சோடியம் நைட்ரைட் ஏற்றி, புகை போட்டு, மெல்லிய பட்டைகளாகச் சீவுகிறார்கள். நம் உப்புக்கண்டத்துக்கு இதை ஒன்றுவிட்ட உறவு என்று வைத்துக்கொள்ளலாம், அது வெயிலில் காய்கிறது, இது புகையில் பதமாகிறது. பிரிட்டனில் பேக்கன் என்று கேட்டால் பெரும்பாலும் முதுகுப் பக்கத்துக் கறிதான் வரும், கொழுப்பு ஓரத்தில் மட்டும் இருக்கும். கனடாவில், குறிப்பாக டொராண்டோவில், சோளமாவில் புரட்டிய பீமீல் பேக்கன் என்று ஒன்று உண்டு, அதற்குப் புகையே போடுவதில்லை. மோகம் பிடித்தது அமெரிக்க வகை மேல்தான், அதாவது வயிற்றுத் துண்டின் மேல்.

அந்த மணத்துக்கு ஏன் இவ்வளவு சக்தி? சூடு ஏறும்போது இறைச்சியில் உள்ள அமினோ அமிலங்களும் சர்க்கரையும் சேர்ந்து மெயிலார்ட் வினை நடக்கிறது, ரொட்டி சிவக்கும்போதும் காப்பிக்கொட்டை வறுபடும்போதும் நடக்கிற அதே வினை. கூடவே கொழுப்பு உருகி உடைகிறது, புகையிலிருந்து வந்த பீனால் வகைப் பொருள்கள் ஆவியாகின்றன, நைட்ரைட் வேறு கொழுப்பு கெட்டுச் சிக்கு வாடை அடிக்காமல் தடுத்து, தசைக்கு நிறம் தரும் மயோகுளோபின் என்ற புரதத்தோடு சேர்ந்து அந்த இளஞ்சிவப்பு நிறத்தையும் தருகிறது. இவையெல்லாம் கூடிச் சட்டியிலிருந்து கிளம்புகிற ஆவியில் நூற்றுக்கும் மேற்பட்ட மணப் பொருள்கள் இருக்கின்றன. வேதியியலாளர்கள் சாதாரணப் பன்றிக்கறியையும் பேக்கனையும் தனித்தனியாகப் பொரித்து ஒப்பிட்டுப் பார்த்திருக்கிறார்கள், பேக்கனின் தனி வாசனைக்கு அதிலுள்ள நைட்ரஜன் கலந்த பிரிடின், பைரசின் போன்ற பொருள்களுக்கு முக்கியப் பங்கு உண்டு என்று தெரிந்தது. உப்பு, கொழுப்பு, புகை, லேசான இனிப்பு, மொறுமொறுப்பு எல்லாம் ஒரே கடியில் கிடைக்கிறது. கறியை விட்டுவிட்டு இந்த மணத்தை மட்டும் தனியே எடுத்து விற்க முடியும் என்பது பிற்பாடு ரொம்ப முக்கியமாகப் போகிறது.

பேக்கன் அமெரிக்கக் காலை உணவில் நிலைத்ததற்கு எட்வர்ட் பெர்னேஸ் என்பவரைக் காரணம் காட்டுவார்கள். இவர் சிக்மண்ட் ஃபிராய்டின் சகோதரி மகன், மக்கள் தொடர்புத் தொழிலுக்கே முன்னோடி. 1920-களில் பீச்நட் என்ற உணவு நிறுவனம் இவரிடம் வந்தது, அவர்கள் விற்ற பொருள்களில் பேக்கனும் ஒன்று. அப்போது நகரத்து அமெரிக்கர்கள் காலையில் காப்பி, ஒரு ரொட்டி, ஆரஞ்சுச் சாறு என்று எளிதாக முடித்துக்கொண்டிருந்தார்கள். பெர்னேஸ் நேரடியாக விளம்பரம் செய்யவில்லை. தனக்குத் தெரிந்த ஒரு மருத்துவரிடம், காலையில் கனமாகச் சாப்பிடுவது நல்லதா என்று கேட்டார், அவர் நல்லதுதான் என்றார், இதையே நாட்டில் உள்ள மற்ற மருத்துவர்களுக்கும் எழுதிக் கேட்க முடியுமா என்றார். சுமார் 5,000 பேருக்குக் கடிதம் போயிற்று, 4,500 பேர் அளவில் ஆமாம் என்று பதில் எழுதினார்கள். 4,500 மருத்துவர்கள் கனமான காலை உணவை ஆதரிக்கிறார்கள் என்று பத்திரிகைகளில் செய்தி வந்தது, பக்கத்திலேயே பேக்கனும் முட்டையும் பற்றிய பேச்சும் வந்தது. மருத்துவர்களிடம் பேக்கனைப் பற்றி யாரும் கேட்கவே இல்லை என்பதைக் கவனியுங்கள். இந்தக் கதையைச் சொன்னவர் பெர்னேஸேதான், அதனால் பெருமையைக் கொஞ்சம் கழித்துக்கொண்டு படிக்க வேண்டும். பேக்கனும் முட்டையும் அவருக்கு முன்பே பிரிட்டனிலும் அமெரிக்காவிலும் சாப்பிடப்பட்டவைதான். 1924-ல் ஆஸ்கர் மேயர் நிறுவனம் சீவிய பேக்கனைப் பொட்டலமாகக் கட்டிக் கடைகளில் விற்க ஆரம்பித்தது, வீட்டில் கத்தி பிடித்து அறுக்கிற வேலை போயிற்று. பழக்கம் பரவியதில் பெர்னேஸின் கடிதங்களுக்கு இருக்கிற பங்கைவிட அந்தப் பொட்டலத்தின் பங்கு குறைந்ததாக எனக்குத் தோன்றவில்லை.

வியாபாரச் சிக்கல் என்று சொன்னேனே, அது வயிற்றுத் துண்டின் பருவகாலப் பிரச்சினை. அமெரிக்காவில் பேக்கன் கோடையில்தான் அதிகம் போகும். தக்காளி விளைகிற காலம் அது, பேக்கன், லெட்டூஸ், தக்காளி வைத்த பிஎல்டி சாண்ட்விச் அவர்களுக்குக் கோடை உணவு. பன்றி அறுப்பது வருஷம் முழுக்க நடக்கும், ஆகவே குளிர்காலத்தில் வயிற்றுத் துண்டுகளை உறையவைத்துக் கிடங்கில் அடுக்கி, கோடையில் வெளியே எடுப்பார்கள். ஆறு மாதம் கழித்து விலை என்ன ஆகும் என்று யாருக்கும் தெரியாது. இந்தப் பயத்துக்கு மருந்தாகத்தான் 1961-ல் சிகாகோ மெர்கன்டைல் எக்ஸ்சேஞ்ச் என்ற சந்தை உறைந்த பன்றி வயிற்றுக்கு முன்பேர ஒப்பந்தம் கொண்டுவந்தது, அதாவது பின்னால் ஒரு தேதியில் கைமாறும் சரக்குக்கு இன்றே விலை பேசி வைப்பது. பிற்காலத்தில் ஒரு ஒப்பந்தம் 40,000 பவுண்டு, ஏறக்குறைய 18 டன். இறைச்சியைக் கண்ணால்கூடப் பார்க்காதவர்கள் அதை வாங்கி விற்றுப் பணம் பண்ணினார்கள், பணம் இழந்தார்கள், 'போர்க் பெல்லி' என்றாலே சந்தைச் சூதாட்டத்துக்கு அடையாளம் என்று பெயர் வந்துவிட்டது. இந்த ஒப்பந்தத்தின் முடிவை அப்புறம் சொல்கிறேன், இந்தக் கதையில் எனக்கு மிகவும் சுவாரசியமான இடம் அதுதான்.

1970-களிலும் 80-களிலும் பேக்கனுக்குக் கெட்ட காலம். பொரித்த பேக்கனில் நைட்ரோசமீன் என்ற புற்றுநோய் ஏற்படுத்தக்கூடிய பொருள் இருப்பது தெரியவந்தது, நைட்ரைட்டையே தடை செய்யலாமா என்று விவாதம் நடந்தது. கொழுப்பைக் குறையுங்கள் என்று மருத்துவர்களும் அரசும் சொல்ல ஆரம்பித்தார்கள், மக்கள் கோழிக்கு மாறினார்கள். பன்றித் தொழில்காரர்கள் பயந்துபோய் 1987-ல் 'இன்னொரு வெள்ளை இறைச்சி' என்று ஒரு பெரிய விளம்பரம் தொடங்கினார்கள். பன்றிக்கறியும் கோழியைப் போலக் கொழுப்பு குறைந்ததுதான் என்று மக்கள் மனதில் பதிக்கிற முயற்சி. அதில் மூலப் பன்றிகளையே கொழுப்புக் குறைவாக இனப்பெருக்கம் செய்ததும் சேர்த்தி. தொடைக்கும் முதுகுக் கறிக்கும் அது உதவியது. வயிற்றுக்கு என்ன செய்வது? பாதிக்குப் பாதி கொழுப்பு உள்ள துண்டைக் கொழுப்பு குறைந்தது என்று சொல்லி விற்க வழியே இல்லை. ஒரு பன்றிக்கு இரண்டு வயிற்றுத் துண்டு, அறுத்த உடலின் எடையில் ஆறில் ஒரு பங்கு அளவுக்கு வரும், தூக்கி எறியவும் முடியாது. விலை அடிமட்டத்துக்குப் போயிற்று.

இங்கேதான் தொழில் தன் மூளையைப் பயன்படுத்தியது. வீட்டில் சமைக்கிறவர் பேக்கனைப் பார்த்துப் பயப்படுகிறார், சரி, ஹோட்டலில் சாப்பிடுகிறவர் பயப்படுவதில்லை. பர்கர் கடைகளுக்குப் போய் பேக்கனை ஒரு கறியாகப் பார்க்காதீர்கள், சுவையூட்டியாகப் பாருங்கள் என்று பேசினார்கள். மெலிந்த கறியில் செய்த பர்கர் சக்கையாக இருக்கிறது, இரண்டு பட்டை பேக்கனை மேலே வைத்தால் ருசி வந்துவிடும், விலையும் கூட்டிச் சொல்லலாம். கடைப் பையன் அடுப்பில் பொரித்துக்கொண்டு நிற்க வேண்டாம் என்பதற்காக ஆலையிலேயே வேகவைத்து, பிரித்துச் சுடவைத்தால் போதும் என்கிற பேக்கனும் பெருகியது. 1990-களில் பேக்கன் வைத்த பர்கர்கள் சங்கிலி உணவகங்களில் வரிசையாக வந்தன. 2007-ல் வெண்டீஸ் என்ற சங்கிலி உணவகம் கொண்டுவந்த பேக்கனேட்டர் பர்கரில் இரண்டு கறி அடுக்கு, ஆறு பட்டை பேக்கன், ஒரு இலை கீரைகூடக் கிடையாது. நடுவில் அட்கின்ஸ் உணவுமுறை வேறு 2003, 2004 வாக்கில் உச்சத்துக்கு வந்தது. சோறும் ரொட்டியும்தான் எதிரி, கொழுப்பு சாப்பிடலாம் என்று அது சொல்ல, இருபது ஆண்டு குற்ற உணர்ச்சியோடு பேக்கனைப் பார்த்தவர்களுக்கு அனுமதிச்சீட்டு கிடைத்த நிம்மதி.

இன்னொரு பக்கம், பெரிய ஆலைகளோடு எந்தச் சம்பந்தமும் இல்லாமல் ஒரு மனிதர் பேக்கன் செய்துகொண்டிருந்தார். டென்னசி மாநிலத்தில் மேடிசன்வில் என்ற சிற்றூரில் ஆலன் பென்டன். பள்ளியில் மாணவர்களுக்கு வழிகாட்டும் ஆலோசகராக இருந்தவர், சம்பளம் போதாமல் வேலையை விட்டுவிட்டு 1973-ல் ஒரு சின்ன உப்புக்கறிக் கூடத்தை எடுத்து நடத்த ஆரம்பித்தார். ஆலையில் பேக்கன் செய்வது என்றால் ஊசிகள் வழியாக உப்புநீரை இறைச்சிக்குள் செலுத்துவார்கள், புகைக்குப் பதில் திரவப் புகையும் பயன்படும், ஓரிரு நாளில் சரக்கு தயார், எடையும் குறையாது. பென்டன் உப்பையும் நாட்டுச் சர்க்கரையையும் கையால் தேய்த்து, வாரக்கணக்கில் வைத்து, ஹிக்கரி விறகுப் புகையில் தொங்கவிடுவார், தண்ணீர் வற்றி எடை இறங்கும், மணம் ஏறும். பல வருஷம் அந்தப் பக்கத்து ஜனங்கள் மட்டும்தான் வாங்கினார்கள். பிறகு நியூயார்க், சிகாகோ சமையல் கலைஞர்கள் கண்டுபிடித்து வரவழைக்க ஆரம்பித்ததும் அவருடைய பெயர் மெனுவிலேயே அச்சானது. மோகத்தின் காலத்தில் வந்த நூற்றுக்கணக்கான பொருள்களில் காலம் கடந்து நிற்கத் தகுதியுள்ளது இவர் மாதிரி ஆட்களின் கைவேலைதான் என்று நான் உறுதியாக நினைக்கிறேன்.

பென்டனின் பேக்கனிலிருந்துதான் அக்காலத்தின் மிகச் சிறந்த விநோதப் பயன்பாடும் பிறந்தது. 2007-ல் நியூயார்க்கில் பிடிடி என்ற மதுக்கூடத்தில் டான் லீ என்பவர் பென்டன் பேக்கனைப் பொரித்த கொழுப்பை போர்பன் விஸ்கியில் ஊற்றி, சில மணி நேரம் ஊறவைத்து, அப்படியே உறைவிப்பானில் வைத்தார். கொழுப்பு கட்டியாகி மேலே மிதக்கும், அதை எடுத்துப் போட்டு வடிகட்டினால் கீழே தெளிந்த விஸ்கி, ஆனால் புகையும் பேக்கனும் மணக்கும். கொழுப்பில் கரைந்திருந்த மணப் பொருள்களில் பல ஆல்கஹாலிலும் கரையக்கூடியவை, அதனால் அவை மதுவுக்குள் இடம் மாறிவிடுகின்றன, கொழுப்பு மட்டும் குளிரில் பிரிகிறது, அவ்வளவுதான் தத்துவம். மேப்பிள் பாகும் ஒரு சொட்டு கசப்புச் சாறும் சேர்த்துக் கொடுத்த அந்தக் காக்டெயில் உலகம் முழுக்கப் போயிற்று. இந்த முறைக்கு 'கொழுப்பில் கழுவுவது' என்று பெயர், இன்று வெண்ணெய், தேங்காயெண்ணெய், நல்லெண்ணெய் எல்லாவற்றையும் வைத்து மதுக்கூடங்களில் செய்கிறார்கள். மோகம் போன பிறகும் நிலைத்த ஒரு தொழில்நுட்பம் இது.

இணையம் உள்ளே வருவது இந்த இடத்தில். சியாட்டிலில் ஜஸ்டின் எஷ், டேவ் லெஃப்கோ என்ற இரண்டு நண்பர்கள், எதில் தூவினாலும் பேக்கன் சுவை தருகிற உப்பு ஒன்றைச் செய்யலாம் என்று யோசித்தார்கள். வீட்டு வீடியோக்களைப் போடும் ஒரு தொலைக்காட்சி வேடிக்கை நிகழ்ச்சியில் லெஃப்கோ குடும்பம் வென்ற 5,000 டாலர்தான் முதல். 2007-ல் 'பேக்கன் சால்ட்' வந்தது, விளம்பரத்துக்குப் பணமில்லாததால் மைஸ்பேஸ் என்ற சமூக வலைத்தளத்தில் எனக்கு பேக்கன் பிடிக்கும் என்று எழுதி வைத்தவர்களைத் தேடித்தேடிச் செய்தி அனுப்பினார்கள். அதில் பன்றி துளிகூடக் கிடையாது, சைவம், யூதர்களின் உணவு விதிக்கு ஏற்றது என்கிற கோஷர் சான்றிதழும் வாங்கினார்கள். அடுத்து பேக்கன் சுவை மயோனைஸ். நான் முன்னால் சொன்ன விஷயம் இங்கே முழுமையாக நடந்துவிட்டது, பேக்கன் சுவைக்குப் பன்றியே தேவையில்லை. ஒரு மதம் விலக்கிவைத்த இறைச்சியின் மணத்தை அந்த மதத்துக்காரரே சான்றிதழோடு தோசைக்கோ முட்டைக்கோ தூவிக்கொள்ளலாம் என்ற நிலைமை வந்தது.

2008 டிசம்பரில் கன்சாஸ் சிட்டியில் ஜேசன் டே, ஆரன் குரோனிஸ்டர் என்ற இரண்டு பார்பிக்யூ போட்டிக்காரர்கள் ஒரு சமையல் குறிப்பை வெளியிட்டார்கள். இரண்டு பவுண்டு பேக்கனைப் பாய் முடைவது போல முடைந்து விரித்து, மேலே இரண்டு பவுண்டு இத்தாலியச் சாசேஜ் கறியைப் பரப்பி, உள்ளே பொரித்த பேக்கனைத் தூவி, சுருட்டி, மணிக்கணக்கில் புகையில் வேகவைப்பது. 'பேக்கன் எக்ஸ்ப்ளோஷன்' என்று பெயர். 5,000 கலோரி, 500 கிராம் கொழுப்பு. சில வாரங்களில் நியூயார்க் டைம்ஸ் வரைக்கும் போய், அவர்களுக்குப் புத்தக ஒப்பந்தமும் கிடைத்தது. இது ஏன் பரவியது என்று யோசித்தால், படம் எடுத்துப் பார்க்க நன்றாக இருந்தது, யார் வேண்டுமானாலும் இருபது டாலருக்குள் செய்து பார்க்கலாம், அப்புறம் இருபது முப்பது வருஷமாகக் கொழுப்பைத் தொடாதே என்று காதில் ஓதியவர்களுக்கு எதிராக ஒரு சின்னக் கலகம் செய்த சந்தோஷமும் அதில் இருந்தது. 2008 இறுதி என்றால் அமெரிக்கப் பொருளாதாரம் விழுந்துகொண்டிருந்த நேரம் என்பதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். மலிவான விலையில் தாராளமாக இருக்க முடிந்த ஒரு விஷயம் அது.

பிறகு எல்லாரும் குதித்தார்கள். சிகாகோவின் வோஸ்ஜஸ் நிறுவனம் 2007-லேயே பேக்கன் சாக்லேட் கட்டி விற்றது, போர்ட்லாண்டில் வூடூ டோனட் கடையின் மேப்பிள் பேக்கன் டோனட்டுக்கு மழையில் வரிசை நின்றது. டெனிஸ் (Denny's) என்ற சங்கிலி உணவகங்கள் 2011-ல் பேக்கன் திருவிழா மெனு போட்டன, பர்கர் கிங் 2012-ல் பேக்கன் குத்திவைத்த ஐஸ்கிரீம் விற்றது. பன்றி வளர்ப்பில் முதலிடத்தில் இருக்கும் அயோவாவில், டெ மாயின் நகரத்தில் 2008-லிருந்து ஒரு பேக்கன் விழா நடந்தது. 2014-ல் ஆஸ்கர் மேயர், ஐபோனில் செருகினால் காலையில் பேக்கன் பொரிகிற சத்தத்தோடு மணத்தையும் விடுகிற ஒரு சின்னக் கருவியைப் போட்டி வைத்துக் கொடுத்தது. வாசனையை மட்டும் கொடுத்து விளம்பரம் தேடுகிற அளவுக்குப் பொருள் மறைந்துவிட்டது.

விநோதப் பயன்பாடு என்றால் இந்தக் கடைச் சரக்குகளைத்தான் பலரும் சொல்வார்கள். எனக்கு இவற்றைவிட முக்கியமாகப் படுகிறவை வேறு சில, அவற்றில் ஒன்று மோகத்துக்கு 65 வருஷம் முந்தியது. இரண்டாம் உலகப் போரில் ஜப்பான் தென்கிழக்காசியாவைப் பிடித்ததும் அமெரிக்காவுக்குத் தேங்காயெண்ணெய் போன்ற இறக்குமதிக் கொழுப்புகள் நின்றுபோயின. கொழுப்பிலிருந்து கிளிசரின் எடுக்கலாம், கிளிசரினிலிருந்து நைட்ரோகிளிசரின் செய்யலாம், அதிலிருந்து வெடிமருந்து. 1942-ல் அரசு இல்லத்தரசிகளிடம் கேட்டது: பேக்கன் பொரித்த கொழுப்பைக் கீழே ஊற்றாதீர்கள், டப்பாவில் வடிகட்டிச் சேர்த்துக் கறிக்கடையில் கொடுங்கள். கறிக்கடைக்காரர் பவுண்டுக்குச் சில சென்ட் கொடுப்பார், பிற்பாடு ரேஷன் புள்ளியும் கொடுத்தார்கள். டிஸ்னி இதற்காக ஒரு பிரசாரக் குறும்படமே எடுத்தது, மின்னி மவுஸ் சட்டியில் மிஞ்சிய பேக்கன் கொழுப்பை நாய் புளூட்டோவுக்கு ஊற்றப் போகும்போது வானொலி தடுத்துப் பேசும். பொரித்த கொழுப்பை டப்பாவில் சேமித்து வைத்துச் சமையலுக்குப் பயன்படுத்துவது அமெரிக்கத் தென்மாநிலங்களில் ஏற்கெனவே இருந்த பழக்கம், பீன்ஸ் தாளிக்கவும் சோளரொட்டி சுடவும் அதுதான் எண்ணெய். அந்த டப்பாவைத்தான் அரசு கேட்டது.

அடுத்தது மருத்துவம். தென் அமெரிக்காவில், மத்திய அமெரிக்காவில் பாட்ஃபிளை என்று ஒரு ஈ இருக்கிறது. இதன் முட்டை கொசு வழியாக மனிதத் தோலுக்கு வரும், புழு தோலுக்குள் புகுந்து வளரும், மூச்சு விட மேலே ஒரு சிறு துளை வைத்திருக்கும். புழுவின் உடம்பில் பின்னோக்கிய முட்கள் இருப்பதால் பிடித்து இழுத்தால் அறுந்துபோகும், மிச்சம் உள்ளே தங்கிச் சீழ் வைக்கும். 1993-ல் அமெரிக்க மருத்துவச் சங்கத்தின் இதழில் சில மருத்துவர்கள் ஒரு வழியை எழுதினார்கள். பச்சை பேக்கன் பட்டையைத் துளைமேல் வைத்துக் கட்டிவிடுங்கள், காற்று கிடைக்காமல் புழு மேலே வரும், கொழுப்புக்குள் உடம்பை நீட்டும், சில மணி நேரம் கழித்து இடுக்கியால் முழுதாக எடுத்துவிடலாம். வெட்டத் தேவையில்லை. மருத்துவ வசதி தொலைவில் இருக்கிற இடத்தில் இது எவ்வளவு பெரிய உதவி என்று யோசித்துப் பாருங்கள்.

இன்னொன்று டெட்ராய்டில் நடந்தது. கிளான்ஸ்மேன் திராம்பாஸ்தீனியா என்று ஒரு அரிய பரம்பரை நோய், இரத்தத் தட்டணுக்கள் ஒன்றோடொன்று ஒட்டாது, இரத்தம் உறையாது. இந்த நோய் உள்ள நான்கு வயதுக் குழந்தைக்கு மூக்கிலிருந்து உயிருக்கு ஆபத்தான இரத்தப்போக்கு, தெரிந்த சிகிச்சை எதற்கும் நிற்கவில்லை. மருத்துவர்கள் உப்பில் பதப்படுத்திய பன்றிக்கறியைச் சுருட்டி மூக்குக்குள் அடைத்தார்கள், இரத்தம் நின்றது. கொஞ்ச நாள் கழித்துத் திரும்ப வந்தபோதும் அதே முறை பலித்தது. பழைய காலத்தில் உப்புப் பன்றிக்கறியை இதற்குப் பயன்படுத்திய பதிவுகள் உண்டு, தொற்று பயத்தால் கைவிட்டிருந்தார்கள். பன்றித் திசுவில் இருக்கிற உறைதல் காரணிகளும், மிகுந்த உப்பால் மூக்கின் உட்பகுதி வீங்கி அழுத்தம் தருவதும் காரணமாக இருக்கலாம் என்பது அவர்கள் விளக்கம். 2011-ல் கட்டுரை வந்தது, 2014-ல், முதலில் சிரிக்கவும் பிறகு யோசிக்கவும் வைக்கிற ஆய்வுகளுக்குத் தரும் இக் நோபல் பரிசும் கிடைத்தது. செய்தித் தலைப்புகளில் மூக்கில் பேக்கன் என்று எழுதி எல்லாரும் சிரித்தார்கள், ஆனால் அங்கே நடந்தது ஒரு குழந்தையைக் காப்பாற்ற மருத்துவர்கள் எந்த எல்லைக்கும் போனார்கள் என்பதுதான். யாரும் வீட்டில் செய்து பார்க்கக் கூடாது, கடை பேக்கனில் கிருமி இருக்கும், சாதாரண மூக்குரத்தத்துக்கு மூக்கைப் பிடித்துக்கொண்டு முன்னால் குனிந்தாலே போதும்.

எஃகை வெட்டியதும் உண்டு. 2009-ல் பாப்புலர் சயின்ஸ் இதழில் தியோடர் கிரே, இத்தாலிய உலர்கறியான ப்ரொஷுட்டோவைக் குழாய்களாகச் சுருட்டி உலரவைத்து, உள்ளே தூய ஆக்சிஜனைச் செலுத்திக் கொளுத்தி, இரும்புத் தட்டில் ஓட்டை போட்டுக் காட்டினார். நெருப்புக்கு அந்தச் சக்தி கொழுப்பில் அடங்கிய கலோரியிலிருந்து வருகிறது. உணவுப் பொட்டலத்தில் போடுகிற எண்ணுக்கு என்ன அர்த்தம் என்று பள்ளிப் பிள்ளைகளுக்குக் காட்ட இதைவிட நல்ல சோதனை எனக்குத் தெரிந்து இல்லை.

சரி, முன்பேர ஒப்பந்தத்துக்கு வருவோம். 2011 ஜூலையில் சிகாகோ சந்தை பன்றி வயிற்று ஒப்பந்தத்தை மூடிவிட்டது. பேக்கன் மோகம் உச்சத்தில் இருக்கும்போது மூடியது பார்க்க விசித்திரமாக இருக்கும், ஆனால் காரணமே மோகம்தான். பர்கர் கடைகள் பன்னிரண்டு மாதமும் பேக்கன் கேட்டன, கோடைக்காகக் குளிர்காலத்தில் உறையவைத்துக் காத்திருக்க வேண்டிய தேவை சுருங்கிப்போனது, கிடங்கில் சரக்கே தங்காதபோது அதன்மேல் யார் பந்தயம் கட்டுவார்கள்? 50 வருஷம் ஓடிய ஒப்பந்தம் ஆள் இல்லாமல் செத்தது. விலை போகாத துண்டு என்ற நிலைமை தலைகீழானதற்கு இதைவிட நல்ல சாட்சி கிடையாது. 2013-ல் பன்றிக்குட்டிகளைத் தாக்கும் வயிற்றுப்போக்கு வைரஸ் ஒன்று அமெரிக்காவுக்குள் வந்து பல லட்சம் குட்டிகள் செத்தன, 2014 கோடையில் கடை விலை பவுண்டுக்கு 6 டாலரைத் தாண்டியது, 2021-ல் 7 டாலரையும் தாண்டியது. மலிவு என்பதால் தொடங்கிய மோகம், அந்த மலிவையே தின்று தீர்த்துவிட்டது.

இதற்கான விலையை வேறு சிலரும் கொடுக்கிறார்கள், அதைச் சொல்லாமல் விட எனக்கு மனமில்லை. அமெரிக்கப் பன்றிகளில் சுமார் மூன்றில் ஒரு பங்கு அயோவா என்ற ஒரே மாநிலத்தில் இருக்கின்றன. வட கரோலினாவின் டூப்ளின் மாவட்டத்தில் பன்றிக் கழிவைத் திறந்த குளங்களில் தேக்கி, வயல்களில் பீய்ச்சுகிறார்கள், சுற்றியிருக்கும் ஏழைகள், பெரும்பாலும் கறுப்பின மக்கள், கதவைத் திறந்து வைக்க முடியாமல் வாழ்ந்து, வழக்குப் போட்டு 2018-ல் வென்றார்கள். சினைப் பன்றியைத் திரும்பக்கூட முடியாத கம்பிக் கூண்டில் மாதக்கணக்கில் அடைத்து வைப்பது வழக்கமாக இருந்தது. கலிபோர்னியா மக்கள் 2018-ல் வாக்கெடுப்பில், ஒரு தாய்ப்பன்றிக்கு 24 சதுர அடியாவது கொடுக்காத பண்ணையின் கறியை எங்கள் மாநிலத்தில் விற்கக் கூடாது என்று முடிவு செய்தார்கள். தொழில்காரர்கள் உச்ச நீதிமன்றம் வரை போய், 2023 மே மாதம் தோற்றார்கள். 24 சதுர அடி என்பது ஆறுக்கு நான்கு, ஒரு சின்னக் கட்டில் அளவு. அதற்குத்தான் இத்தனை சண்டை.

கடைசியாக உடம்பு. 2015 அக்டோபரில் உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு முகமை, பதப்படுத்திய இறைச்சியை முதல் வகைப் புற்றுநோய்க் காரணிகளில் சேர்த்தது. புகையிலையும் அதே வகையில் இருக்கிறது என்பதால் பேக்கன் சிகரெட்டுக்குச் சமம் என்று பரப்பினார்கள், அது தப்பு. அந்த வகை சொல்வது ஆதாரம் எவ்வளவு உறுதி என்பதை, ஆபத்து எவ்வளவு பெரிது என்பதை இல்லை. தினமும் 50 கிராம் பதப்படுத்திய இறைச்சி சாப்பிட்டால் பெருங்குடல் புற்றுநோய் வாய்ப்பு 18 சதவீதம் கூடுகிறது என்பது அவர்கள் கணக்கு. நூற்றில் ஐந்து பேருக்கு வரக்கூடிய இடத்தில் ஆறு பேர் என்று தோராயமாகப் புரிந்துகொள்ளலாம். எப்போதாவது சாப்பிடுகிறவர் பயப்பட ஒன்றுமில்லை, தினமும் காலையில் தட்டில் வைக்கிறவர் யோசிக்க வேண்டும். கருக விடாமல் மிதமான சூட்டில் பொரித்தால் நைட்ரோசமீன் குறையும். ஆலைகள் நைட்ரைட்டோடு வைட்டமின் சி வகைப் பொருளையும் சேர்த்தாக வேண்டும் என்று அமெரிக்க விதி 1970-களின் கடைசியிலிருந்து இருப்பதும் இதற்காகத்தான்.

வெளிநாட்டில் இருக்கிற நம்மவர்கள் கடையில் 'நைட்ரைட் சேர்க்காதது' என்று எழுதிய பொட்டலத்தைக் கூடுதல் விலை கொடுத்து வாங்குவதைப் பார்த்திருக்கிறேன். பின்பக்கம் திருப்பிப் பொருள் பட்டியலைப் படியுங்கள், பெரும்பாலும் செலரி என்ற கீரைத்தண்டின் பொடி என்று இருக்கும். செலரியில் இயற்கையாகவே நைட்ரேட் அதிகம், அதை நுண்ணுயிர் வைத்து நைட்ரைட்டாக மாற்றித்தான் சேர்க்கிறார்கள், இறைச்சிக்குள் போன பிறகு இரண்டும் ஒரே வேலையைத்தான் செய்கின்றன. மாட்டிறைச்சியிலும் வான்கோழியிலும் செய்கிற ஹலால் பேக்கனுக்கும் இதே கதைதான், பன்றி இல்லை என்பதால் நைட்ரைட் இல்லை என்று எடுத்துக்கொள்ள வேண்டாம்.